இசட் எக்ஸ் காருக்கு ஒரு இடது கண்ணாடி

போன சனிக்கிழமை எனக்கு இருந்த வேலை ஒண்ணே ஒண்ணு. எங்க காருக்கு இடது பக்க சைடு கண்ணாடி வாங்கிட்டு வரணும். அவ்வளவுதான்.

பழைய கண்ணாடி எப்படிப் போச்சுன்னு கேப்பீங்க. கல்கத்தாவுல எங்க டாலிகஞ்ச் சந்துல பூஜைப் பந்தலுக்கு மூங்கில் நட்டிருந்தாங்க. அப்பா வண்டியை அதுக்குள்ள நுழைச்சார். மூங்கில் நகரல. அப்பாவைக் கேட்டா இன்னிக்கும் மூங்கில்தான் வந்து இடிச்சுதும்பார்.

உடைஞ்ச கண்ணாடியைக் கையில எடுத்துட்டுப் போய், "இதே மாதிரி ஒண்ணு குடுங்க"ன்னு கேட்டிருக்கலாம். புத்தி உள்ளவங்க அப்படித்தான் செய்வாங்க. அப்பா அதை அன்னிக்கே பழைய சாமான்காரர் வண்டியில தூக்கிப் போட்டுட்டார்.

"ஏம்ப்பா, சாம்பிளுக்கு வெச்சிருக்கலாமே?"

"எழுத்து இருக்கும்போது சாம்பிள் எதுக்குல? வண்டி பின்னால என்ன எழுதியிருக்கு? அதச் சொல்லு. சாமான் தானா வரும்."

இங்க அப்பாவைப் பத்திச் சொல்லணும். அவருக்குக் கிடர்பூர் துறைமுகத்துல ஆபீஸ் வேலை. நாள் பூரா கன்டெய்னர் பெட்டி மேல எழுதியிருக்கிற எழுத்தையும் நம்பரையும் படிக்கிறதுதான் உத்தியோகம். யாரோட பெட்டி, என்ன அளவு, என்ன வகைன்னு எழுத்தைப் பார்த்தே சொல்லிடுவார். வீட்டுக்கு வந்தும் அதே பேச்சு. "எழுத்து பொய் சொல்லாதுல முரளி. மனுசன்தான் சொல்லுவான்."

அப்படி ஒருத்தருக்குப் பிறந்த நான் வேற எப்படி இருப்பேன்? காருக்குப் பின்னாடி ஒட்டியிருக்கிற எழுத்துக்கெல்லாம் அர்த்தம் சொல்ற வீடியோ பார்த்தே வளர்ந்தேன். எல்-னா கீழ்மட்டம், வி-னா நடுவுல, இசட்-னா உச்சி. சேசிஸ் நம்பர்ல எம்-ல ஆரம்பிச்சா இந்தியாவுல செஞ்சது, பத்தாவது எழுத்து எந்த வருஷம்னு சொல்லும். எல்லாம் நுனி நாக்குல. சந்துல யார் புது வண்டி வாங்கினாலும் சும்மா போய்ப் பின்னாடி நின்னு, "ஓ, எல்-லா?"ன்னு மெதுவாச் சொல்லிட்டு வந்துடுவேன். நான் சத்தமாப் பேசுற ஆள் இல்ல. ஆனா அந்த ஒரு "ஓ"வுக்கு வண்டிக்காரர் ஒரு வாரம் தூங்க மாட்டார்.

எங்க வண்டி இசட் எக்ஸ். டாப் மாடல். அந்தத் திமிர் வேற.

கண்ணாடிக்கு என்ன அவசரம்னா, மறுநாள் ஞாயித்துக்கிழமை காலையில அத்தை வர்றாங்க. அப்பாவோட அக்கா. தூத்துக்குடியில இருந்து முதல் தடவையா எங்க வீட்டுக்கு. ஹவுரா ஸ்டேஷன்ல போய்க் கூட்டிட்டு வரணும்.

எனக்கு லைசென்ஸ் வந்து ரெண்டு வருஷப் பூஜை முடிஞ்சாச்சு. இதுவரைக்கும் அப்பா என்னை அந்த வண்டியைக் கழுவ மட்டும்தான் விட்டிருக்கார். சாவியை இடுப்புல சொருகிட்டுத்தான் தூங்குவார். அப்பேர்ப்பட்டவர் அன்னிக்குக் காலையில என்ன சொன்னார் தெரியுமா?

"கண்ணாடிய நீயே வாங்கி, நீயே மாட்டு. ஒழுங்கா மாட்டிட்டன்னா நாளைக்கு ஹவுராவுக்கு நீதான் வண்டி ஓட்டுத. சாவி உனக்கு."

எனக்குக் காது குளிர்ந்துது. பல்லைக்கூடத் தேய்க்காம கிளம்பினேன்.

மல்லிக் பஜார் தெரியாதவங்களுக்கு ஒரு வார்த்தை. கல்கத்தாவுல கார் சாமான் வாங்க எல்லாரும் போற இடம். ஒரு காரை முழுசாக் கழட்டி வரிசையா மாட்டி வெச்ச மாதிரி கடைகள். கதவுக்கு ஒரு கடை, விளக்குக்கு ஒரு கடை. என் குரல் அங்க என் சட்டைக் காலரைத் தாண்டாது. மூணு தடவை "தாதா", அதாவது அண்ணான்னு கூப்பிட்டப்புறம்தான் கண்ணாடிக் கடைக்காரர் பான் மென்னுக்கிட்டே நிமிர்ந்தார்.

வண்டி பேரைச் சொன்னேன். "மோட்டார் வெச்சதா, குச்சியால திருப்புறதா?"ன்னு இந்தியில கத்தினார்.

எனக்குச் சிரிப்பு வந்துடுச்சு. அடக்கிக்கிட்டு, போன்ல வண்டியோட பின்பக்கப் படத்தைக் காட்டினேன். ரெண்டு வெள்ளி எழுத்தும் பளபளன்னு இருந்துது.

"இசட் எக்ஸ், தாதா. இசட்டுக்குப் போய் குச்சி கேக்குறீங்களே!"

"வண்டியைப் பார்த்துட்டுத்தான் சொல்றீங்களா?"

"பார்க்க வேண்டாம். எழுத்தே சொல்லுது."

அவர் என்னை ஒரு தடவை ஏற இறங்கப் பார்த்தார். அப்புறம் எனக்கென்னன்னு உள்ள போய், சுவிட்சைத் தட்டினா திரும்புற, தானா மடங்குற, ஓரத்துல மஞ்ச விளக்கு மின்னுற ராஜ கண்ணாடி ஒண்ணைக் கொண்டுவந்து வெச்சார். அது வாலுல ஒரு கத்தை வயர், முனையில ஒரு சாக்கெட். மெட்ரோவுல அதை மடியில வெச்சுக்கிட்டுக் குழந்தை மாதிரி கொண்டுவந்தேன்.

கீழ் வீட்டு வங்காளிப் பெரியவர் கோஷ் காக்கு வாசல்ல நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். ரிட்டயர் ஆனவர். முரளிங்கிற பேர் அவர் வாயில மொரோலி. சந்துல நடக்குற எந்த ரிப்பேரும் அவர் பார்க்காம நடக்காது.

"இசட் எக்ஸ்-னா என்னடா மொரோலி?"

"டாப் மாடல், காக்கு."

"எக்ஸ்-னா எக்ஸ்போர்ட். வெளிநாட்டுக்குப் போக வேண்டிய வண்டி இது. எனக்கு அப்பவே தெரியும்." அவர்கிட்ட சைக்கிள்கூடக் கிடையாது.

கதவுக்கு உள்பக்கம் இருந்த முக்கோண மூடியைக் கழட்டினேன். கண்ணாடியோட சாக்கெட்டை உள்ள விட்டேன். அதைச் சொருக இன்னொரு சாக்கெட்டைத் தேடினேன்.

இல்ல.

டார்ச் அடிச்சுத் தேடினேன். விரலை விட்டுத் துழாவினேன். ஒரு வயரும் இல்ல. வயர் இருந்ததுக்கான அடையாளமும் இல்ல. வெறும் ஓட்டை!

"கம்பெனிக்காரன் ஏமாத்திட்டான் காக்கு! டாப் மாடலுக்குக் காசு வாங்கிட்டு வயரைப் போடாம விட்டுட்டான்!"

"நம்ம ஊருன்னா அப்படித்தான் செய்வாங்க. வெளிநாட்டுக்காரன்னா போட்டிருப்பான்"னார் காக்கு.

அப்பத்தான் எனக்கு ஒண்ணு உறைச்சுது. வண்டி வாங்கின நாள்ல இருந்து அப்பா சைடு கண்ணாடியை உள்ள நீட்டிக்கிட்டிருக்கிற குச்சியைப் பிடிச்சு, கையாலதான் திருப்புறார். பள்ளிக்கூட நாள்ல ஒரு தடவை கேட்டிருக்கேன். "டாப் மாடல்ல சுவிட்ச் இருக்குமாமே, எங்க இருக்குப்பா?"

"இருக்குல உள்ள. அதத் தொட்டா பேட்டரி இறங்கிரும்."

நான் நம்பினேன். ஜன்னலைக் கையால சுத்தி இறக்கும்போதும் அதே பதில்தான். அதையும் நம்பினேன்! சந்துக்கே அர்த்தம் சொல்ற நிபுணன், இத்தனை வருஷமா ஒரு காருக்குள்ள உட்கார்ந்து கையால ஜன்னலைச் சுத்திக்கிட்டே, "நம்மளது டாப் மாடல்"னு பெருமைப்பட்டிருக்கேன்.

மெதுவாப் பின்பக்கம் போனேன். அந்த 'இசட்'டை நகத்தால சுரண்டினேன். 'எக்ஸ்' கல்லு மாதிரி இருந்துது. 'இசட்' ஓரத்துல லேசாத் தூக்கிச்சு.

மாடியில இருந்து ஒரு அலறல். "ஏல! அத நோண்டாத!"

அப்பா வேட்டியை மடிச்சுக் கட்டிக்கிட்டு ரெண்டு ரெண்டு படியா இறங்கி ஓடி வந்தார். வரும்போது 'இசட்' என் கையில இருந்துது. அதுக்கு அடியில பெயின்ட் மேல ஒரு அழகான 'எல்' வடிவத்துல தழும்பு.

"ஒரு எழுத்துதானல"ன்னார் அப்பா.

"எழுத்து பொய் சொல்லாதுன்னீங்க?"

"அது சொல்லலியே. நான்தான் சொன்னேன்."

வண்டி வாங்கின புதுசுல, தூத்துக்குடியில இருக்கிற அத்தை வீட்டு மாமாவும் ஒரு வண்டி வாங்கியிருக்கார். டாப் மாடல். போன்ல, "என்னப்பா, நீ கீழ் மாடலா எடுத்திருக்க?"ன்னு ஒரு வார்த்தை கேட்டிருக்கார். அப்பா நேரா மல்லிக் பஜார் போய் ஒரு 'இசட்' வாங்கி, கம்பெனி ஒட்டின 'எல்'லை நெம்பி எடுத்துட்டு, தன் கையால ஒட்டிட்டார். துறைமுகத்துல ஒரு பெட்டியில எழுத்து மாறியிருந்தா கப்பலையே நிறுத்துற மனுஷன்!

இந்தக் கம்பெனிக்காரங்களும் லேசுப்பட்டவங்க இல்ல. எல்-ங்கிற எழுத்துக்கு என்ன விரிவுன்னு அப்புறம் பார்த்தேன். லக்ஸரியாம்! ஜன்னலைக் கிணத்து ராட்டினம் மாதிரி சுத்துற வண்டிக்கு லக்ஸரி. அப்பா ஒரு எழுத்துதான் பொய் சொன்னார். அவங்க அந்த எழுத்தோட அர்த்தத்துலயே சொல்றாங்க.

திரும்ப மெட்ரோ. திரும்ப மல்லிக் பஜார். கடைக்காரர் ராஜ கண்ணாடியை வாங்கி உள்ள வெச்சார். ஒண்ணும் கேக்கல. கேட்டிருந்தாக்கூடப் பரவாயில்ல.

"குச்சி வெச்சது"ன்னேன், என் குரல் எனக்கே கேக்காம.

"பழைய ஷேப்பா, புது ஷேப்பா? பத்தொம்பதுல கண்ணாடியை மாத்திட்டான். எந்த வருஷத்து வண்டி?"

இதுக்கு நான் தயாராத்தான் வந்திருந்தேன். ஒட்டின எழுத்தை இனிமே யார் நம்புவா? கிளம்புறதுக்கு முன்னாடியே பானெட்டைத் தூக்கி, இரும்புல குத்தின சேசிஸ் நம்பரைப் படிச்சுட்டேன். இரும்புல அப்பாவால ஒட்ட முடியாதுல்ல? பத்தாவது எழுத்து 'ஜே'. ரெண்டாயிரத்துப் பத்துக்கு 'ஏ'. அப்புறம் பி, சி, டி-ன்னு வருஷத்துக்கு ஒரு எழுத்தா விரல் விட்டு எண்ணிக்கிட்டே வந்தேன். எச் பதினேழு, ஐ பதினெட்டு, ஜே பத்தொம்பது! அப்பாவும் பத்தொம்பது பொங்கலுக்கு வாங்கினதாத்தான் சொல்வார். இரும்பும் அப்பாவும் ஒண்ணாச் சொன்னா அப்புறம் என்ன சந்தேகம்?

"புது ஷேப், தாதா. சேசிஸ் நம்பரே சொல்லுது."

"முன்ன எழுத்து சொல்லுச்சு. இப்ப நம்பர் சொல்லுதா?"ன்னு கேட்டுட்டு எடுத்துக் குடுத்தார்.

வீட்டுக்கு வந்து வெச்சுப் பார்த்தா, கதவுல இருக்கிற ஓட்டை ஒரு பக்கம் நிக்குது, கண்ணாடியோட திருகாணி இன்னொரு பக்கம் நிக்குது. அமுக்கினேன். தட்டினேன். கோஷ் காக்கு எழுந்து வந்து அவரும் ஒரு குத்து குத்தினார். "எக்ஸ்போர்ட் ஓட்டை வேறயா இருக்கும்"னார்.

போனை எடுத்து அந்த வருஷ எழுத்து வீடியோவை மறுபடி போட்டேன். முதல் தடவை பார்க்கும்போது பாதியிலயே நிறுத்திட்டு நிபுணன் ஆயிட்டேன் போல. மீதிப் பாதியில அந்த ஆள் நிதானமாச் சொல்றான். ஐ, ஓ, கியூ, இந்த மூணு எழுத்தையும் சேசிஸ் நம்பர்ல சேர்க்க மாட்டாங்களாம். ஒண்ணு, சைபர்னு குழம்பக் கூடாதுன்னு விட்டுடுவாங்களாம்.

ஐ கிடையாது. அப்ப ஜே, பதினெட்டு.

"அப்பா! இது பதினெட்டு வண்டி!"

"பத்தொம்பது பொங்கலுக்குத்தானல வாங்குனேன்! அது எப்படிப் பதினெட்டு ஆகும்?"

"வண்டி அதுக்கு முன்னாடியே செஞ்சு குடோன்ல கிடந்திருக்கு. தள்ளுபடின்னு குடுத்தானா?"

அப்பா ஆகாயத்தைப் பார்த்தார். "நல்ல மனுசன். அவனாத்தான் குடுத்தான். நான் கேக்கவே இல்ல."

ஆக, எங்க வண்டியில எழுத்தும் பொய், வருஷமும் பொய். பெயின்ட் மட்டும் நிஜமா இருக்கும்னு நினைக்கிறேன். நான் சுரண்டிப் பார்க்கல.

பொழுது சாயத் தொடங்கிச்சு. நாளைக்குக் காலையில அத்தை. சாவி அப்பா இடுப்புல.

அப்பத்தான் எனக்கு ஞானம் வந்துது. எழுத்தும் வேண்டாம், நம்பரும் வேண்டாம்! வலது பக்கத்துல நல்ல கண்ணாடி ஒண்ணு முழுசா இருக்கே! அதைக் கழட்டிக் கையில எடுத்துட்டுப் போனா யார் ஏமாத்த முடியும்? கழட்டினேன். வண்டி ரெண்டு காதும் இல்லாம நின்னுது.

"இது உனக்கு முதல்லயே தோணலியா?"ன்னு மாடி ஜன்னல்ல இருந்து அம்மா கேட்டாங்க.

ஓடினேன்.

மெட்ரோ வாசல்ல பையைச் சோதிக்கிற போலீஸ்காரர், "எட்டா கீ?"ன்னு, இது என்னன்னு கேட்டார். "ஆய்னா"ன்னேன். கண்ணாடிதான்னு அவருக்கே தெரியுது, அதுல மீசையைத் தடவிப் பார்த்துட்டுத்தான் விட்டார். உள்ள நின்னுக்கிட்டிருந்த ஒருத்தர் என்கிட்ட கேக்காமலே அதுல தலை சீவினார். "கொஞ்சம் மேல பிடி பாய்"னு வேற சொன்னார். பிடிச்சேன்.

மல்லிக் பஜார்ல பாதிக் கடை ஷட்டரை இறக்கிட்டாங்க. நம்ம ஆளும் ஒரு கையை ஷட்டர்ல வெச்சிருந்தார். என்னைப் பார்த்ததும் கண்ணை மூடிக்கிட்டார்.

"சாம்பிள் கொண்டுவந்திருக்கேன் தாதா! இதே மாதிரி ஒண்ணு. அச்சு அசலா இதேதான் வேணும். ஒரு மயிரிழைகூட மாறக் கூடாது!"

என் வாழ்க்கையிலயே நான் சத்தமாப் பேசினது அன்னிக்குத்தான். தெருவே திரும்பிப் பார்த்துது.

அவர் பொருந்தாத கண்ணாடியை வாங்கி வெச்சுட்டு, சாம்பிளோட உள்ள போனார். இன்னொண்ணு கொண்டுவந்து பக்கத்துல வெச்சார். நான் விட்டுடுவேனா? திருகாணி ஓட்டையை ஒட்டி வெச்சுப் பார்த்தேன். சரி. குச்சி நீளம் சரி. வளைவு சரி. ரெண்டும் ஒரு வயித்துல பிறந்த மாதிரி இருந்துது!

"இப்ப சந்தோஷமா?"ன்னார்.

"இதைத்தான் தாதா காலையில இருந்து கேக்குறேன்!"

ஷட்டர் என் முதுகுக்குப் பின்னாடி இறங்கிச்சு.

வீட்டு வாசல்ல அப்பா, அம்மா, கோஷ் காக்கு மூணு பேரும் நின்னாங்க. பழைய கண்ணாடியை வலது பக்கம் மாட்டினேன். கச்சிதம். புதுசை இடது பக்கம் கொண்டுபோய் வெச்சேன்.

கண்ணாடி முன்பக்கம் ரோட்டைப் பார்த்துது.

திருப்பினேன். இப்ப பின்னாடி பார்த்துது, ஆனா குச்சி கதவுக்கு வெளியே நீட்டிக்கிட்டு நின்னுது. மறுபடி நேரா வெச்சேன். மறுபடி ரோட்டைப் பார்த்துது.

சந்து கோடியில பந்தல்காரர் மூங்கில்ல கயிறு கட்டுற சத்தம் மட்டும் கேட்டுது.

கோஷ் காக்குதான் முதல்ல வாயைத் திறந்தார். "நல்லதுதான். எதிர்ல வர்ற வண்டி தெரியும்."

வலது கண்ணாடியைக் கொண்டுபோய், ஒரு மயிரிழைகூட மாறாம இதே மாதிரி வேணும்னு தெருவே கேக்கக் கத்தி, தடவித் தடவிச் சோதிச்சு, இன்னொரு வலது கண்ணாடி வாங்கிட்டு வந்திருக்கேன்!

அப்பா சிரிச்சார் பாருங்க, அந்தச் சிரிப்பை நான் மறக்க மாட்டேன். "கோட்டிக்காரப் பயல! எடது எது வலது எதுன்னு தெரியாதவன் கையில நான் வண்டியக் குடுக்கவா? சாவி கெடையாது போ."

அம்மா நிதானமாக் கேட்டாங்க. "அந்த எழுத்த ஒட்டுனது யாருங்க?"

அப்பா சிரிப்பு நின்னுது.

"காலையிலயே எல்-னு சொல்லியிருந்தா அவன் இவ்வளவு அலைவானா? வாக்குக் குடுத்தீங்க. அவனே ஓட்டட்டும். இல்லன்னா நாளைக்கு உங்க அக்கா வந்து உக்காந்ததும் நான் அந்த இசட் கதைய ஆரம்பிக்குதேன்."

"எடது பக்கம் கண்ணாடி இல்லாம எப்படி ஓட்டுவான்?"

"நீங்க எடது பக்கம் உக்காந்து பாத்துச் சொல்லுங்க."

ஞாயித்துக்கிழமை காலையில சாவி என் கையில! அப்பா என் இடது பக்கம், ஜன்னலை ராட்டினம் சுத்தி இறக்கிட்டு, கழுத்தை வெளியே நீட்டிப் பின்பக்கம் திருப்பி வெச்சுக்கிட்டு உட்கார்ந்தார்.

"மினி பஸ் வாரான்! வெலகு! ஏல, ஆட்டோ! ஆட்டோ!"

"எந்தப் பக்கம்ப்பா?"

"நான் எந்தப் பக்கத்துக்குல இங்க தொங்கிக்கிட்டுக் கெடக்கேன்!"

ஹவுரா பாலத்துல இடது பக்கம் ஒரு மினி பஸ் ஒட்டி வந்துது. அதோட கண்டக்டர் வலது பக்க ஜன்னல் வழியாத் தலையை நீட்ட, எங்க அப்பா இடது பக்கம் தலையை நீட்ட, ரெண்டு பேரும் மூக்கும் மூக்கும் உரச நேரா நேர் பார்த்துக்கிட்டாங்க. கண்டக்டர் அவர் பஸ்ஸைப் பட்டுனு தட்டினார். அப்பாவும் எங்க கதவைப் பட்டுனு தட்டினார். அதுக்கப்புறம் அது பழகிடுச்சு. ஸ்டேஷன் வாசல் வர்றதுக்குள்ள, ரோட்டைத் தாண்டுற பொம்பளையைப் பார்த்தா "ஆஸ்தே, லேடிஸ்!"னு கல்கத்தா கண்டக்டர் மாதிரியே கதவைத் தட்டி, என்னை மெதுவாப் போகச் சொல்ற அளவுக்கு ஆயிட்டார்.

அத்தை பின் சீட்ல ஏறி உட்கார்ந்தாங்க. வண்டி கிளம்பினதும் அப்பா மறுபடி தலையை வெளியே விட்டதைப் பார்த்தாங்க.

"தம்பி, ஏன்டா தலைய வெளிய போட்டுக்கிட்டு வார? வயித்தப் பொரட்டுதா?"

"காத்துக்கு, அக்கா!"

"டாப் மாடலு, ஏசி பனிக்கட்டி மாதிரி அடிக்கும்னியே?"

அப்பா வெளியே இருந்தே ஏதோ சொன்னார். காத்துல போயிடுச்சு. நான் ரோட்டைத்தான் பார்த்தேன். வீடு வரைக்கும் ஒரு கீறல் இல்லாம கொண்டுவந்து நிறுத்தினேன்.

திங்கள்கிழமை காலையில அப்பாவால கழுத்தைத் திருப்ப முடியல. இடது பக்கம் பார்த்தபடியே நின்னுடுச்சு. டாக்டர் தைலம் எழுதிக் குடுத்து, சரியாகுற வரைக்கும் வண்டி ஓட்டக் கூடாதுன்னு சொல்லிட்டார். இப்ப அவரைக் கிடர்பூர் ஆபீஸ்ல நான்தான் கொண்டுபோய் விடுறேன். பக்கத்துல உட்கார வெச்சா போதும், சொல்லாமலே இடது பக்கத்தைப் பார்த்துக்கிறார்.

சாவி என் இடுப்புல இருக்கு. கண்ணாடி வாங்குறதுக்கு எனக்கு ஒரு அவசரமும் இல்ல.